ராஜா இறங்கி நடந்த படம்

என் அத்தானைப் பற்றி ஊரில் உலவும் கதைகளில் பாதி பொய். மீதிப் பாதியைக் கிளப்பிவிட்டவன் நான்தான். ஆனால் ராஜா வந்த கதையை மட்டும் இத்தனை வருஷமாக யாரிடமும் மூச்சு விட்டதில்லை. இப்போது சொல்கிறேன். அந்த ராஜா போய்ச் சேர்ந்துவிட்டார், படம் காட்டிய கொட்டகையும் இடிந்துவிட்டது. இனி யார் வந்து என் காதைப் பிடித்துத் திருகப் போகிறார்கள்?

அத்தான் என்றால் அக்காவின் வீட்டுக்காரர். ஊருக்கு அவர் 'ஒண்ணு ரெண்டு'. ஏன் அந்தப் பெயர் என்றால், அந்தக் காலத்துக் கேமரா ஒரு மரப்பெட்டி, பக்கத்தில் ஒரு பித்தளைக் கைப்பிடி. கைப்பிடியைச் சுற்றினால்தான் உள்ளே பிலிம் ஓடும். நொடிக்கு இரண்டு சுற்று, கூடவும் கூடாது, குறையவும் கூடாது. மெதுவாகச் சுற்றினால் திரையில் ஆட்கள் பைத்தியம் பிடித்த மாதிரி ஓடுவார்கள். வேகமாகச் சுற்றினால் தண்ணீருக்குள் நடக்கிற மாதிரி நடப்பார்கள். அத்தான் வாய்க்குள்ளேயே "ஒண்ணு ரெண்டு, ஒண்ணு ரெண்டு" என்று எண்ணிக்கொண்டு சுற்றுவார். நாளடைவில் சாப்பிடுவதும் அந்தக் கணக்குத்தான், நடப்பதும் அந்தக் கணக்குத்தான். என் கடையில் அளவு கொடுக்க வந்து நின்றாலும் உதடு அசைந்துகொண்டிருக்கும். நான் தையல்காரன், எனக்கு மூக்கின் மேல் கோபம். "அத்தான், வாயை மூடுங்க, எனக்கு அங்குலக் கணக்கு தப்புது" என்று எரிந்து விழுவேன். மூடிக்கொள்வார். அப்புறம் கால் கட்டைவிரல் ஆட ஆரம்பிக்கும்.

அதற்கு முன்னால் அவர் நகராட்சி மணிக்கூண்டுக் கடிகாரத்துக்குச் சாவி கொடுக்கும் வேலையில் இருந்தார். பன்னிரண்டு வருஷம், ஒரு நாள் தவறாமல். கொட்டகை முதலாளி கப்பலில் கேமராவை வரவழைத்தபோது அதைச் சுற்ற நிதானமான கை வேண்டும் என்று ஊரெல்லாம் தேடினார். மணிக்கூண்டிலிருந்து இறங்கி வந்த அத்தான் கைப்பிடியை நாலு சுற்று சுற்றினார். முதலாளி வேறு ஆளே பார்க்கவில்லை.

அந்த நாள் படத்தில் கதை கிடையாது, பேச்சும் கிடையாது. பாலம் திறப்பார்கள், அஸ்திவாரக்கல் நாட்டுவார்கள், நகராட்சித் தலைவர் குதிரை வாங்குவார். அத்தான் போய் முக்காலியை ஊன்றி எடுத்துக்கொண்டு வருவார். மறுநாள் மாலை கொட்டகையில் அதே ஜனங்கள் வந்து, தாங்கள் நேற்று நின்ற இடத்தைத் தாங்களே பார்த்துக் கைதட்டிவிட்டுப் போவார்கள். இதில் என்ன இருக்கிறது என்று கேட்காதீர்கள். நானும் போய்க் கைதட்டியவன்தான். பாலம் திறந்த படத்தில் என் முதுகு நன்றாக விழுந்திருக்கும்.

அத்தானுக்கு அந்தப் பெட்டி உயிர். அதற்கு என்னிடம் கம்பளி உறை தைக்கச் சொல்லி மூன்று தடவை பிரித்துத் தைக்க வைத்தார். என் கல்யாணக் கோட்டுக்குக்கூட நான் அவ்வளவு மெனக்கெட்டதில்லை. ஆனால் பெட்டி முதலாளியின் சொத்து. முதலாளிக்கு ஒரு மாப்பிள்ளை வந்து சேர்ந்தான். வேலை வெட்டி கிடையாது, நல்ல தொப்பி மட்டும் இருந்தது. வந்த மறுவாரமே, "மாமா, அந்தப் பெட்டியை என்கிட்ட கொடுங்களேன், சும்மா சுத்துறதுதானே" என்று ஆரம்பித்துவிட்டான்.

சொல்லப்போனால் என் அக்காவும் அதையேதான் சொல்வாள். அக்கா ஊருக்கு மருத்துவச்சி. ஆறடிக்கு ஒரு விரல் குறைவு. அவள் பையைத் தூக்கிக்கொண்டு தெருவில் இறங்கினால் வண்டி ஒதுங்கும், நாய் ஒதுங்கும், போலீஸ்காரன் ஒதுங்குவான். பாதி ஊர் அவள் கையில் பிறந்தது. அவள் பார்வையில் அத்தான் செய்வது ஒரு வேலையே இல்லை. "காப்பிக்கொட்டை அரைக்கிறதுக்கும் இதுக்கும் என்னங்க வித்தியாசம்? அரைச்சா காப்பியாவது மிஞ்சும்" என்பாள். அத்தான் சிரித்துக்கொண்டே பெட்டியைத் துடைப்பார்.

இப்படி இருக்கும்போதுதான் ராஜா வருகிறார் என்று செய்தி வந்தது. கடல் தாண்டி எங்கோ இருக்கிற பெரிய ராஜ்ஜியத்தின் ராஜா. எங்கள் ஊரில் இரண்டு நாள் தங்குவார், நகர மண்டபத்து வாசலில் வண்டியிலிருந்து இறங்கி, விரிப்பின் மேல் பத்தடி நடந்து, படியேறி உள்ளே போவார். அவ்வளவுதான். அந்தப் பத்தடிக்காக ஊர் முழுக்கச் சுண்ணாம்பு அடித்தார்கள்.

கூடவே ஒரு உத்தரவும் வந்தது. ராஜா வண்டியிலிருந்து இறங்கும்போது மணி அடிக்கும். அடித்ததும் எல்லா ஆண்களும் தொப்பியைக் கழற்றித் தலையைக் குனிய வேண்டும். மறு மணி அடிக்கும்வரை நிமிரக் கூடாது. பெண்களெல்லாம் வண்டி மறைக்கிறபடி அதற்கு அந்தப் பக்கம் நிற்க வேண்டும். ராஜாவின் காரியதரிசியே கைப்பட எழுதியிருந்தார். எங்கள் நகராட்சித் தலைவருக்குச் சொல்லவா வேண்டும்! மூன்று வாரம், தினமும் மாலையில், சேவகன் கையில் மணியோடு தெருத்தெருவாக வந்தான். மணி அடித்தால் குளித்துக்கொண்டிருப்பவனும் வெளியே ஓடி வந்து குனிய வேண்டும். குளிக்கிறவனுக்கு ஏது தொப்பி என்று கேட்டேன். துண்டு இருக்குமே என்றார்கள். மூன்றாவது வாரத்தில் பால்வண்டி மணிக்கெல்லாம் தொப்பிகள் கழன்றன. எனக்கே வாடிக்கையாளர் வந்து கடை மணியை அடித்தால் தலை தானாகக் கீழே போனது.

இதனால் என்ன ஆகும்? ராஜாவை ஊரில் ஒருத்தனும் கண்ணால் பார்க்க முடியாது. முதலாளிக்கு இது உடனே உறைத்துவிட்டது. 'குனிந்தவர்களே, நிமிர்ந்து வாருங்கள்! மறுநாள் மாலை ராஜாவைத் திரையில் காணலாம்' என்று சுவரெல்லாம் ஒட்டிவிட்டார். ஒட்டிவிட்டு அத்தானைக் கூப்பிட்டார். மாப்பிள்ளையும் நானும் இருந்தோம்.

"இங்க பாருப்பா. ராஜா இறங்கி நடக்கிறது படத்துல இருக்கணும். இருந்துச்சுன்னா பெட்டி ஆயுசுக்கும் உன் கையில. இல்லேன்னா அன்னைக்கே மாப்பிள்ளை கைக்குப் போயிடும். என்ன சொல்ற?"

"இருக்கும் முதலாளி" என்றார் அத்தான்.

மாப்பிள்ளை தொப்பியைச் சரி செய்துகொண்டு சிரித்தான். அந்தச் சிரிப்பைப் பார்த்து எனக்குப் பற்றிக்கொண்டு வந்தது.

அந்த நாளும் வந்தது. அத்தானுக்கு விரிப்புக்கு எதிரிலேயே இடம் கொடுத்திருந்தார்கள். நான் கூட்டத்தில் முதல் வரிசை. அக்காவுக்கு அன்றைக்குப் பார்த்து ஒரு இரட்டைப் பிரசவம், வரவில்லை. குதிரைச் சத்தம் கேட்டது. அத்தான் சுற்ற ஆரம்பித்தார். வண்டி நின்றது, கதவு திறந்தது, ஒரு பளபளப்பான சப்பாத்து வெளியே வந்தது. மணி அடித்தது. அதற்குமேல் நான் பார்த்ததெல்லாம் என் செருப்பைத்தான். மறு மணி அடித்து நிமிர்ந்தபோது விரிப்பு காலி, மண்டபக் கதவு சாத்தியிருந்தது.

அத்தானைப் பார்த்தேன். கைப்பிடியைச் சுற்றிக்கொண்டிருந்தார். சரி, வேலை முடிந்தது என்று கடைக்குப் போய்விட்டேன்.

பிற்பகல் மூன்று மணிக்கு ஆள் வந்தது, அத்தான் உடனே வரச் சொன்னார் என்று. கொட்டகையின் பின்னறைக்குப் போனேன். படம் கழுவும் மருந்துத் தொட்டிகள் நாற, பிலிமை ஒரு பெரிய மர உருளையில் சுற்றிக் காயவைத்திருந்தது. அத்தான் அதன் பக்கத்தில் பேயறைந்தவர் மாதிரி உட்கார்ந்திருந்தார். உதடு அசையவில்லை. அதைப் பார்த்ததும் கதவைச் சாத்தினேன்.

"பாரு" என்றார்.

சன்னல் வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தேன். குட்டிக் குட்டிப் படங்கள். வண்டி வருகிறது. கதவு திறக்கிறது. சப்பாத்து. சப்பாத்து. சப்பாத்து. அப்புறம் ஒரு கட்டம் மொத்தமாக வெளுத்துப் போயிருக்கிறது. அடுத்த கட்டத்தில் காலி விரிப்பு, காலி வண்டி.

"ராஜா எங்க அத்தான்?"

"போயிட்டாரு."

"எங்க போனாரு?"

"உள்ளதான். நான் தொப்பியைக் கழட்டிட்டேன்டா."

எனக்கு ஒரு நொடி விளங்கவில்லை. அப்புறம் விளங்கியது. வலது கையால்தான் சுற்ற வேண்டும், வலது கையால்தான் தொப்பியைக் கழற்ற வேண்டும். மூன்று வாரப் பழக்கம். மணி அடித்ததும் இந்த மனுஷன் கைப்பிடியை விட்டுவிட்டுத் தொப்பியைக் கழற்றி, தலையைக் குனிந்து, ஊரோடு ஊராக நின்றிருக்கிறார். மறு மணிக்கு நிமிர்ந்து, அக்கறையாக மறுபடி சுற்றியிருக்கிறார்.

"அடப் பாவி மனுஷா! ஊரே குனிஞ்சா குனியட்டும், நீங்க ஏன் குனிஞ்சீங்க? உங்களைக் குனிய வேண்டாம்னு யாரும் சொல்லலையா?"

"குனியணும்னுதானே சொன்னாங்க" என்றார் அத்தான். கண்ணில் தண்ணீர் நின்றது. கத்த வந்தவன் வாயை மூடிக்கொண்டேன்.

மாலையில் அக்கா வந்தாள். கை கழுவிக்கொண்டே முழுக் கதையையும் கேட்டாள். திட்டப் போகிறாள் என்று நான் ஒதுங்கி நின்றேன். அவள் திட்டவில்லை. உருளையில் ஒரு கையை வைத்துக்கொண்டு, "பெட்டி போயிட்டா என்ன பண்ணுவீங்க?" என்று கேட்டாள்.

அத்தானின் வலது கை மடியில் கிடந்தபடி தானாகச் சுற்றிக்கொண்டிருந்தது. அக்கா அந்தக் கையையே கொஞ்ச நேரம் பார்த்தாள்.

"சரி. ராஜாவை யாரும் பார்க்கலை இல்ல? அப்ப யார் நடந்தா என்ன? பிலிம் மிச்சம் இருக்கா?"

நூறடி இருந்தது. ராஜாவின் படம் பத்திரிகையில் வந்திருந்தது: நெட்டையான ஆள், வெள்ளைத் தாடி, நீளக் கறுப்புக் கோட்டு, நெஞ்சில் ஜரிகை. நகராட்சித் தலைவருக்குத் தைத்த கோட்டில் மிஞ்சிய துணியும் ஜரிகையும் என்னிடம் இருந்தன. கோட்டுத் தோளுக்குள் வைக்கிற பஞ்சில் தாடி செய்தேன். ராத்திரி முழுக்க உட்கார்ந்து தைத்து, விடிகிற நேரத்தில் நானே போட்டுக்கொண்டு கண்ணாடி முன்னால் நின்றேன். என் உயரம் உங்களுக்குத் தெரியாது. கோட்டு தரையைப் பெருக்கியது.

"ராஜா மாதிரி இல்லடா. ராஜாவை யாரோ துவைச்சுச் சுருங்கிப்போன மாதிரி இருக்க" என்றாள் அக்கா. "கழட்டு. இப்படிக் கொடு."

வாங்கிப் போட்டுக்கொண்டாள். தாடியை ஒட்டினேன். தொப்பியைத் தலையில் வைத்துக்கொண்டு அறையின் இந்தக் கோடியிலிருந்து அந்தக் கோடிக்கு நடந்தாள். நான் சும்மா சொல்லவில்லை, எனக்கு மயிர்க்கூச்செறிந்தது.

ராஜா வந்த வண்டி மண்டபத்துக் கொல்லையில் நின்றது. வண்டிக்காரருக்கு நாலு பிள்ளைகள், நாலும் அக்கா எடுத்தவை. எதற்கு என்று ஒரு வார்த்தை கேட்காமல் வண்டியை வாசலுக்குக் கொண்டுவந்தார். தெருவில் ஈ காக்கை இல்லை. நான் விரிப்பை விரித்துவிட்டு, முதுகைக் காட்டியபடி வண்டிக் கதவுக்குப் பக்கத்தில் மெய்க்காப்பாளனாக நின்றேன். அத்தான் சுற்ற ஆரம்பித்தார். கதவு திறந்தது. சப்பாத்து வெளியே வந்தது. அக்கா இறங்கினாள். இறங்கி, இரண்டடி வைத்து, நின்றுவிட்டாள்.

திரும்பிப் பார்த்தேன். அத்தான் தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு தலை குனிந்து நின்றார்.

மணிகூட அடிக்கவில்லை ஐயா!

"என்னங்க இது!" என்று தாடிக்குள்ளிருந்து ராஜா கத்தினார். "என் மூஞ்சியை நீங்க பார்த்ததே இல்லையா?"

"நீ இறங்கின தோரணையில தானா வந்துடுச்சும்மா" என்றார் அத்தான்.

பாதி பிலிம் போயிற்று. மீதி ஐம்பதடி. இந்தத் தடவையும் போனால் எல்லாம் போயிற்று. நான் கழுத்தில் கிடந்த அளவு நாடாவை எடுத்து அத்தானின் கையைக் கைப்பிடியோடு சேர்த்து இறுக்கக் கட்டினேன். மூன்று முடிச்சு. "இப்ப கழட்டுங்க பார்ப்போம்" என்றேன்.

அக்கா மறுபடி வண்டியில் ஏறி மறுபடி இறங்கினாள். பத்தடி. முதுகு நேராக, எதிரே யாரும் இல்லாத வெளியைப் பார்த்துக்கொண்டு, அவசரமில்லாமல், தயக்கமும் இல்லாமல் நடந்தாள். படி நான்கையும் தரை மாதிரி ஏறி உள்ளே போனாள். அத்தானின் கழுத்து நரம்பு புடைக்க, தலை பாதி குனிந்தும் குனியாமலும் தவிக்க, கை மட்டும் ஒண்ணு ரெண்டு, ஒண்ணு ரெண்டு என்று சுற்றியது.

பத்து மணிக்குள் மருந்தில் போட்டு எடுத்து, காயவைத்து, வெட்டி, ஒட்டியாகிவிட்டது. முதலாளி பார்த்துப் பூரித்துப்போனார். மாப்பிள்ளை முகம் தொங்கிப்போயிற்று. எனக்கு உச்சி குளிர்ந்தது. இந்தச் சந்தோஷம் பிற்பகல் இரண்டு மணி வரைக்கும் நீடித்தது.

இரண்டு மணிக்குக் காரியதரிசியின் ஆள் வந்தான். ராஜாவும் படம் பார்க்க வருகிறாராம். விளக்கை அணைத்த பிறகு வந்து பின்னால் உட்காருவாராம், ஒருவரும் திரும்பிப் பார்க்கக் கூடாதாம்.

எனக்குக் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. ஊர்தான் ராஜாவைப் பார்க்கவில்லை, ராஜா தன்னைத் தானே பார்த்திருப்பாரே! எங்காவது ஓடிவிடலாம் என்றேன். "ஓடினா பெட்டியை யார் தூக்குறது?" என்று அத்தான் கேட்டார். அந்த மனுஷனோடு என்ன பேசுவது?

மாலை ஆறு மணிக்குக் கொட்டகை நிரம்பி வழிந்தது. விளக்கு அணைந்தது. பின்னால் நாற்காலி நகரும் சத்தம், இருமல் சத்தம் கேட்டன. படம் ஓடியது. குதிரை, வண்டி, சப்பாத்து, அப்புறம் ராஜா. கொட்டகையே மூச்சை இழுத்துப் பிடித்தது. ராஜா படியேறி உள்ளே போனதும் எழுந்த கைதட்டலில் கூரைத் தகரம் அதிர்ந்தது. "ராஜான்னா ராஜாதான்யா!" என்று யாரோ ஒருத்தன் அழுதான். அக்கா பெண்கள் வரிசையில் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். அவள் மட்டும் கைதட்டவில்லை.

இன்னொரு தடவை போடச் சொல்லிப் பின்னாலிருந்து உத்தரவு வந்தது. போட்டார்கள். மூன்றாம் தடவையும் போடச் சொன்னார்கள். அப்புறம் கூட்டத்தை முன்வாசல் வழியாக வெளியே அனுப்பினார்கள். முதலாளி, மாப்பிள்ளை, மடியில் பெட்டியோடு அத்தான், நான், அக்கா. எங்களை மட்டும் இருக்கச் சொன்னார்கள். காரியதரிசி ஒரு கைவிளக்கோடு வந்தார். பின்வரிசையில் ராஜா உட்கார்ந்திருந்தார், ஒரு காலை முன்னால் இருந்த நாற்காலியின்மேல் நீட்டிக்கொண்டு.

"யார் அது?" என்று கேட்டார்.

"நீங்கதான் மகாராஜா" என்றார் முதலாளி, வாயெல்லாம் பல்லாக.

"எனக்கு இடது முட்டி மடங்காமப் போய் ஆறு வருஷம் ஆகுது. அந்தப் படியில என்னை ரெண்டு பேர் தூக்கித்தான் ஏத்தினாங்க. படத்துல ஏறுறது யாரு?"

முதலாளியின் பல் உள்ளே போய்விட்டது. மாப்பிள்ளை துள்ளி எழுந்தான். "நான் அப்பவே நினைச்சேன் மாமா! இது பொய்ப் படம்! பெட்டியை இவர்கிட்ட விடாதீங்கன்னு தலைபாடா அடிச்சுக்கிட்டேனே, கேட்டீங்களா?"

முதலாளி அத்தானிடம் இரண்டு கையையும் நீட்டினார். "கொடுய்யா பெட்டியை. இந்த நிமிஷமே கொடு."

அத்தான் எழுந்து நின்றார். பெட்டியை ஒரு தடவை கம்பளியோடு சேர்த்துத் தடவிவிட்டு நீட்டினார். நீட்டிக்கொண்டே ராஜாவிடம் பேசினார். "பெட்டியைக் கொடுத்துடறேங்க. மணி அடிச்சதும் நான் கையை எடுத்துட்டேன், தொப்பியைக் கழட்டிட்டேன். அதனால நீங்க படத்துல விழலை. அது என் தப்பு. பொய்யா எடுத்தது அதைவிடப் பெரிய தப்பு. வேற யார் மேலயும் தப்பு கிடையாதுங்க."

"கையை எடுத்துட்டியா?" என்றார் ராஜா. "பெட்டியை விட்டுட்டுக் குனிஞ்சியா?"

"ஆமாங்க."

ராஜாவின் வயிறு குலுங்க ஆரம்பித்தது. இருமல் என்று நினைத்தேன். சிரிப்பு.

"என் முட்டி வெளிய தெரியக்கூடாதுன்னுதான் ஊர் ஊரா எல்லாரையும் குனிய வெச்சோம். இந்தப் பெட்டியைக் குனியச் சொல்ல எங்களுக்குத் தோணலை. பதினோரு ஊர்ல படம் எடுத்தாங்க, பதினொண்ணுலயும் நான் நொண்டுறேன். சொன்ன பேச்சைக் கேட்ட பெட்டி உன்னோடது ஒண்ணுதான்." கண்ணைத் துடைத்துக்கொண்டார். "நடந்தது யாரு? உண்மையைச் சொல்லு."

அத்தான் வாயைத் திறக்கவில்லை. கொன்று போட்டாலும் திறந்திருக்க மாட்டார்.

"நான்தான்" என்று அக்கா எழுந்து நின்றாள்.

ராஜா அவளை மேலும் கீழும் பார்த்தார். "எப்படிம்மா அப்படி நடந்த?"

"பிரசவ வலி வந்த வீட்டுக்கு எப்படிப் போவேனோ அப்படித்தான். எனக்கு வேற நடை தெரியாது."

அவர் நீட்டியிருந்த தன் காலைப் பார்த்தார். பிறகு காரியதரிசியிடம், அந்தச் சுருளை வாங்கிக்கொள்ளும்படியும், ஊர் போனதும் தன் ஜனங்களுக்கு இந்த ஒரு படத்தை மட்டும் காட்டும்படியும் சொன்னார். முதலாளியின் கையில் இருந்த பெட்டியைக் காட்டி, "இது அவரோடது. அவர்கிட்டயே இருக்கட்டும்" என்றார். முதலாளி அதை நெருப்பைத் திருப்பிக் கொடுக்கிற மாதிரி அவசரமாகக் கொடுத்தார். மாப்பிள்ளை தொப்பியைக் கையில் வைத்துக்கொண்டு நின்றான். மணி ஒன்றும் அடிக்கவில்லை.

எல்லாம் நல்லபடியாக முடிந்தது என்று நான் துள்ளிக்கொண்டு வீட்டுக்கு நடந்தேன். அக்கா வாசல் வந்ததும் சொன்னாள்:

"ஊரே கைதட்டிச்சு இல்லடா?"

"பின்னே! கூரையே போயிருக்கும்."

"இனிமே கடல் தாண்டி இன்னொரு ஊரும் கைதட்டும். என்னைப் பார்த்துத்தான் தட்டுவாங்க. ஆனா நான்னு ஒருத்தருக்கும் தெரியாது." அத்தானிடம் திரும்பினாள். "இந்த அஞ்சு வருஷத்துல எத்தனை பேரை எடுத்திருக்கீங்க? தலைவரோட குதிரையைக்கூட ரெண்டு தடவை எடுத்தீங்க. என்னை ஒரு தடவை எடுக்கணும்னு உங்களுக்குத் தோணவே இல்லையா?"

அத்தான் ஆடிப்போய்விட்டார். தோணவில்லைதான். அந்த மனுஷனுக்குப் பொய் சொல்லவும் வராது. எனக்கு அவர்மேல் கோபமாக வந்தது, அப்புறம் என்மேலும் வந்தது. எனக்கு மட்டும் தோன்றியதா என்ன?

மறுநாள் காலையில் அத்தான் முதலாளியிடம் போய், வாழ்நாளில் முதல் தடவையாக ஒன்றைக் கேட்டார். ஐம்பதடி பிலிம். ராஜா சொன்ன சூடு ஆறாததால் முதலாளி மறு பேச்சில்லாமல் கொடுத்துவிட்டார். எங்கள் கொல்லையில் முக்காலியை ஊன்றினார். துணி காய்கிற கொடியை நான் ஒதுக்கிவிட்டேன். அக்கா பின்கதவில் வந்து நின்றாள். தினமும் போடுகிற சாதாரண உடுப்பு. தலையை மட்டும் இரண்டு தடவை வாரியிருந்தாள்.

அத்தான் சுற்ற ஆரம்பித்தார். "வாம்மா. நடந்து வா."

அவள் ஒரு படி இறங்கினாள். நின்றாள். கையை எங்கே வைப்பது என்று தெரியாமல் முன்னால் கட்டினாள், பின்னால் கட்டினாள். பாதி ஊரைப் பிறக்க வைத்த என் அக்கா, போலீஸ்காரனை ஒதுங்க வைத்த என் அக்கா, பள்ளிக்கூடத்தில் முதல் நாள் போலக் காலைப் பின்னிக்கொண்டு நின்றாள்.

"நட அக்கா! பிலிம் போகுது!" என்று கத்தினேன்.

"ராஜான்னா நடந்துடலாம்டா" என்றாள். "நானா எப்படி நடக்கிறது? என்னை யாரும் பார்த்ததில்லையே."

இரண்டு கையாலும் முகத்தை மூடிக்கொண்டாள். சிரிக்கிறாளா அழுகிறாளா என்று தெரியவில்லை. நான் அத்தானைப் பார்த்தேன். அவர் கன்னத்திலும் தண்ணீர் ஓடிக்கொண்டிருந்தது. துடைக்கக் கையை எடுக்கவில்லை. ஐம்பதடியும் தீர்கிறவரை அப்படியே சுற்றிக்கொண்டிருந்தார்.